கெரி இன்டர்மீடியட் கால்பந்து: இதை இரண்டாம் தரம் என்று தள்ளிவிடலாமா?

மழைக்கோட்டு (டிரலீ)

போன இழையில் ஒருவர், "சீனியர் ஆட்டம் பார்க்கவே நேரமில்லை, இன்டர்மீடியட்டை யார் பார்ப்பார்கள்?" என்று எழுதியிருந்தார். அங்கேயே பதில் போட்டால் பேச்சு திசைமாறும் என்பதால் தனி இழை.

அயர்லாந்தின் கெரி கவுண்டியில், கேலிக் கால்பந்தின் சீனியர் தரத்தில் இருப்பது எட்டே எட்டு கிளப். அதற்கு அடுத்த படியான இன்டர்மீடியட்டில் பதினாறு. அதாவது கவுண்டியின் ஒன்பதாவது சிறந்த கிளப்பே இரண்டாம் படியில்தான் ஆடுகிறது. மாயோ கவுண்டியை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே சீனியரில் பதினாறு கிளப். கெரியின் ஒன்பதாம் கிளப்பைத் தூக்கி மாயோவில் வைத்தால் அது சீனியரில் நடுவாக நிற்கும். இந்த ஒரு கணக்கை மனதில் வைத்துக்கொண்டு மீதியைப் படியுங்கள்.

2022 இன்டர்மீடியட்டை ராத்மோர் வென்றது. அவர்கள் அங்கேயே நிற்கவில்லை. மன்ஸ்டர் மாகாணப் போட்டியை வென்று, 2023 ஜனவரியில் டப்ளினின் குரோக் பார்க் மைதானத்தில் டைரோன் கவுண்டியின் கால்பலி பியர்சஸ் அணியைத் தோற்கடித்து அகில அயர்லாந்து இன்டர்மீடியட் கோப்பையையும் தூக்கினார்கள். அதற்கு முந்தைய ஜூலையில் கெரிக்கு சாம் மகுவயர் கோப்பையை (கவுண்டி அணிகளின் அகில அயர்லாந்து கோப்பை) வாங்கித் தந்த கோல்கீப்பர் ஷேன் ரையன் அந்த ராத்மோர்காரர்தான். கவுண்டிக்கு வலை காக்கும் அவர் தன் கிளப்புக்கு முன்வரிசையில் நின்று பாயிண்ட் அடிப்பார்! அன்று இன்டர்மீடியட் பார்க்காதவர்களுக்கு இந்தக் காட்சி கிடைத்திருக்காது.

2023இல் மில்டவுன்/காசில்மெயின். 2024இல் ஆஸ்டின் ஸ்டாக்ஸ். இந்தக் கடைசிப் பெயரைக் கவனியுங்கள். எங்கள் டிரலீ கிளப். 1977இல் அகில அயர்லாந்து சீனியர் கிளப் சாம்பியன். 2021இல் கெரி கவுண்டி சாம்பியன். மூன்றே வருடத்தில் அவர்களே இரண்டாம் படியிலிருந்து ஏறி வர வேண்டியிருந்தது. எட்டு பேர் மட்டும் உட்காரும் மேசையில் ஒரு மோசமான வருடம் போதும், நாற்காலி போய்விடும்.

சரி, கேள்வி இதுதான். இப்படிப்பட்ட போட்டியை இரண்டாம் தரம் என்று ஒதுக்குவது நியாயமா?

---

முதல்தடவை

அண்ணா, நான் டப்ளின் வந்து கொஞ்ச நாள்தான் ஆகிறது. ஆட்டமே பாதிதான் புரிகிறது. இந்த இன்டர்மீடியட் என்பது நம் ரஞ்சி பிளேட் பிரிவு மாதிரியா? அப்புறம் 0-19, 1-13 என்று போடுகிறார்களே, அதில் யார் ஜெயித்தது என்று எப்படிப் பார்ப்பது?

---

வெள்ளைக்கொடி (கில்லார்னி)

தம்பி, ஸ்கோரை முதலில் சொல்லிவிடுகிறேன். இடப்பக்கம் இருப்பது கோல், ஒரு கோலுக்கு மூன்று பாயிண்ட். வலப்பக்கம் இருப்பது குறுக்குக் கம்பத்துக்கு மேலே போன பந்துகளுக்கான பாயிண்ட். 1-13 என்றால் 3 + 13 = 16. 0-19 என்றால் 19. எனவே 0-19 ஜெயித்தது. கோலுக்குப் பச்சைக்கொடி, பாயிண்டுக்கு வெள்ளைக்கொடி. என் பெயர் எங்கிருந்து வந்தது என்று புரிந்திருக்கும்.

நீங்கள் சும்மா எழுதினீர்களோ தெரிந்தே எழுதினீர்களோ, அந்த ஸ்கோர் பாசா கிளப்புடையது. 2023 ஜனவரி, அகில அயர்லாந்து ஜூனியர் இறுதி, எதிரணி டைரோனின் ஸ்டூவர்ட்ஸ்டவுன் ஹார்ப்ஸ். நாட்டின் ஆகச் சிறந்த ஆட்டக்காரர் டேவிட் கிளிஃபர்ட், அவர் அண்ணன் போடி, இருவரும் மூன்றாம் படி ஆட்டத்தில்! கடைசி நேரத்தில் இருவருமே சிவப்பு அட்டை வாங்கி வெளியே போனார்கள், கோப்பை மட்டும் பாசாவுக்கு வந்தது.

பிளேட் பிரிவோடு ஒப்பிட முடியாது. அங்கே நன்றாக ஆடுகிறவரை வேறு மாநிலம் கூப்பிட்டுக்கொள்ளும். இங்கே பிறந்த ஊர்ப் பங்கு (தேவாலய வட்டாரம்) எதுவோ அதுதான் கிளப். டேவிட் கிளிஃபர்ட் ஆனாலும் சரி, பாசா ஜூனியரில் இருந்தால் அவரும் ஜூனியர்தான். காசு கொடுத்து வாங்குவது கிடையாது, சம்பளமும் கிடையாது. வீடு மாறினால் மட்டும் கிளப் மாறலாம். அதையும் ஊர் அவ்வளவு எளிதில் மன்னிக்காது.

---

கார்க்காரன்

மழைக்கோட்டு சொல்வதில் பாதி சரி. மீதிப் பாதியில்தான் எங்கள் வயிற்றெரிச்சல் இருக்கிறது.

கெரி எட்டு பேரோடு சீனியரை மூடிவைத்திருப்பதால், அதன் இன்டர்மீடியட் சாம்பியன் மன்ஸ்டருக்குள் வரும்போது லிமெரிக், கிளேர், வாட்டர்ஃபோர்டு கிளப்களுக்கு என்ன நேரும்? பட்டியலைப் பாருங்கள். ஆர்ட்ஃபெர்ட் 2015இல் அகில அயர்லாந்து. கஹர்சிவீன் செயின்ட் மேரிஸ் 2016இல். கில்கம்மின் 2019இல். ராத்மோர் 2023இல். நான்கும் கெரி. "எங்கள் இரண்டாம் தரம் எவ்வளவு உசத்தி பார்" என்று நீங்கள் பெருமைப்படுவதே அடுத்தவர்களுக்கு அநியாயமாகத் தெரிகிறது. தன் கவுண்டியின் பதினேழாவது, பதினெட்டாவது இடத்திலிருந்து வரும் கிளப், கெரியின் ஒன்பதாவது கிளப்போடு மோதுகிறது. தராசில் ஒரு பக்கம் கல்லை வைத்துவிட்டு எடை போடுகிற வேலை.

எங்கள் கார்க்கின் கதை இன்னும் வேடிக்கை. 2020இல் திருத்தி அமைத்தார்கள். மேலே பிரிமியர் சீனியர், அடுத்தது சீனியர் ஏ, அதற்கும் அடுத்தது பிரிமியர் இன்டர்மீடியட், பிறகு இன்டர்மீடியட் ஏ. ஒவ்வொன்றிலும் பன்னிரண்டு கிளப். மன்ஸ்டர் இன்டர்மீடியட்டுக்கு நாங்கள் அனுப்புவது பிரிமியர் இன்டர்மீடியட் சாம்பியனை, அதாவது எங்கள் மூன்றாம் படியை! சீனியர் ஏ-யில் ஜெயிக்கிறவனுக்கு மன்ஸ்டரும் இல்லை, குரோக் பார்க்கும் இல்லை. கோப்பையைக் கொடுத்து, அடுத்த வருடம் மேலே போ என்று அனுப்பிவிடுவார்கள்.

---

மழைக்கோட்டு

கார்க்காரன் சார், நீங்கள் சொல்வதையே திருப்பிப் பிடிக்கிறேன். அந்த மூன்றாம் படியிலிருந்து வந்த கில் நா மார்ட்ரா 2023இல் மன்ஸ்டரை வென்றதே? அகில அயர்லாந்து இறுதி வரை போய், அர்மாவின் கல்லிஹானாவிடம்தான் தோற்றார்கள். கெரியின் எட்டு நாற்காலி ஏற்பாடு யாராலும் உடைக்க முடியாதது என்றால் அது எப்படி நடந்தது?

---

கார்க்காரன்

ஒரு வருடம் நடந்தது. மற்ற வருடங்களையும் எண்ணுங்கள், சார்.

---

மாயோ மேகம்

இருவரும் மன்ஸ்டருக்குள்ளேயே மல்லுக்கட்டுகிறீர்கள். வடக்கிலும் மேற்கிலும் என்ன நடந்தது என்று பாருங்கள். 2025 ஜனவரியில் அகில அயர்லாந்து இன்டர்மீடியட் இறுதியில் மோதியது மாயோவின் கிராஸ்மொலினாவும் டெர்ரியின் பாலின்டெரியும். கிராஸ்மொலினா ஜெயித்தது.

இந்த இரண்டு பெயரையும் இருபது வருடம் முன்னால் சொல்லியிருந்தால் நாடே எழுந்து நின்றிருக்கும். 2001இல் அகில அயர்லாந்து சீனியர் கிளப் சாம்பியன் கிராஸ்மொலினா. 2002இல் பாலின்டெரி. இருவரும் இறுதியில் வீழ்த்தியது கார்க்கின் நீமோ ரேஞ்சர்ஸை. (கார்க்காரன் மன்னிக்க வேண்டும்.) கியாரன் மக்டொனால்டு ஆடிய கிளப் இது. பிறகு மாயோவின் மேலாளரான ஸ்டீபன் ரோச்ஃபோர்டும் அந்த 2001 அணியில் இருந்தவர். அப்படிப்பட்ட கிளப்கள் இரண்டாம் படிக்கு இறங்கி, அதே குரோக் பார்க்கில் அந்தப் படியின் கோப்பைக்கு நேருக்கு நேர் நின்றன.

கெரி மாதிரி எட்டு பேர் என்ற இறுக்கம் எங்களுக்கு இல்லை. அப்படியும் கிராஸ்மொலினா விழுந்தது. காரணம் ஆள்தான். ஒரு பெரிய தலைமுறை ஒன்றாக வளர்ந்து ஒன்றாக ஓய்ந்துவிட்டால், நெஃபின் மலையடிவாரத்தில் அதே அளவுக்குப் பிள்ளைகள் அடுத்த வருடமே முளைத்துவிட மாட்டார்கள். பங்கில் எத்தனை பையன்கள் பிறந்தார்கள் என்பதுதான் பத்துப் பதினைந்து வருடம் கழித்து அணிப்பட்டியலாக வருகிறது. இப்போது கானர் லாஃப்டஸ், ஜோர்டன் ஃபிளின் என்று கவுண்டிக்கு ஆடும் பையன்கள் சேர்ந்ததும் கிளப் எழுந்தது. தரம் என்று நாம் சண்டை போடுவதெல்லாம் பாதி நாள் பள்ளிக்கூட வருகைப் பதிவேடுதான்.

---

இரவுப்பணி (லிமெரிக்)

நான் செவிலியர். என் வார்டில் உடன் வேலை பார்க்கும் பெண்ணின் தம்பி ஒரு இன்டர்மீடியட் கிளப்பில் ஆடுகிறான். கிளப் பெயர் வேண்டாம். மாயோ மேகம் சொன்ன ஆள் பிரச்சினையை அந்த வீட்டுச் சமையலறையில் உட்கார்ந்து கேட்டிருக்கிறேன்.

வசந்த காலத்தில் லீக் ஆட்டம். கவுண்டி அணிக்குப் போன பையன்கள் அதில் இருக்க மாட்டார்கள், கவுண்டி மேலாளர் விடமாட்டார். ஜூன் ஆனால் கல்லூரிப் பையன்கள் ஜே-ஒன் விசாவில் அமெரிக்கா. பாஸ்டன், சிகாகோ என்று போய் அங்கேயும் கேலிக் கால்பந்துதான் ஆடுகிறார்கள். படிப்பு முடித்தவர்களில் சிலர் சிட்னி. இங்கே மீதி இருப்பவர்கள் முப்பத்தைந்து வயது பண்ணைக்காரர், நேற்றுவரை மைனர் (இளையோர் அணி) ஆடிய பையன், முழங்காலில் கட்டுப் போட்ட ஆசிரியர். அந்த அணிதான் லீக்கில் இறங்காமல் இருக்கப் போராட வேண்டும். ஆகஸ்டில் எல்லோரும் திரும்பி வந்து சாம்பியன்ஷிப் தொடங்கும்போது அது வேறு அணி. வசந்தம் முழுக்க மழையில் பயிற்சிக்கு வந்த பையன் பெஞ்சில் உட்காருவான். அவன் அம்மா வேலிக்கு வெளியே நின்று என்ன சொல்லிக்கொண்டிருப்பார் என்று எழுத முடியாது.

2022இல் வந்த பிரித்த பருவம், கவுண்டிக்கு முதல் பாதி, கிளப்புக்கு இரண்டாம் பாதி, இதைக் கொஞ்சம் சீராக்கியது என்பதை ஒப்புக்கொள்கிறேன். முன்பெல்லாம் கவுண்டி அணி எப்போது வெளியேறும் என்று தெரியாமல் கல்யாணத் தேதி கூட வைக்க முடியாதாம்.

---

வெள்ளைக்கொடி

அக்கா சொன்னது நூறு சதவீதம். பெஞ்சில் உட்காரும் அந்தப் பையனைப் பற்றித் தனி இழையே போடலாம்.

கெரிக்கே உரிய ஒரு சிக்கலையும் இங்கே சொல்லியாக வேண்டும். மழைக்கோட்டு அதைத் தொடாமலே விட்டுவிட்டார்.

கெரியில் மேலே ஏறுவது ஒரு கிளப்புக்கு எப்போதும் லாபமா? எங்கள் கவுண்டி சீனியர் சாம்பியன்ஷிப்பில் எட்டு சீனியர் கிளப்கள் மட்டும் ஆடுவதில்லை. வட்டார அணிகளும் ஆடுகின்றன. கிழக்கு கெரி, நடு கெரி, தெற்கு கெரி, மேற்கு கெரி, ஃபீல் ரேஞ்சர்ஸ், ஷானன் ரேஞ்சர்ஸ் இப்படி. இன்டர்மீடியட், ஜூனியர் கிளப்களின் ஆட்டக்காரர்களைச் சேர்த்து அமைக்கும் அணிகள் இவை. 2019, 2020, 2022, 2023 ஆகிய நான்கு வருடமும் கவுண்டியை வென்றது கிழக்கு கெரி. பாசாவின் கிளிஃபர்ட் சகோதரர்கள் அதில்தான் ஆடினார்கள்.

இப்போது ஒரு இன்டர்மீடியட் கிளப்பின் செயற்குழுவில் உட்கார்ந்து யோசியுங்கள். இன்டர்மீடியட்டில் இருக்கும்வரை உங்கள் நல்ல பையன்கள் நான்கைந்து பேருக்கு வட்டார அணியில் இடம். கவுண்டி இறுதி, ஆஸ்டின் ஸ்டாக் பார்க் நிரம்பிய கூட்டம், கையில் கெரி சீனியர் பதக்கம். கிளப் சீனியருக்கு ஏறிவிட்டால் அந்தக் கதவு மூடப்படும். அதற்குப் பதில் டாக்டர் குரோக்ஸ், டிங்கிள் போன்றவர்களோடு தனியாக நின்று உதை வாங்க வேண்டும். ஒரே வருடத்தில் திரும்ப இறங்கவும் வாய்ப்பு அதிகம். "ஏறாமல் இருந்தாலே நல்லது" என்று யாரும் வெளியே சொல்ல மாட்டார்கள். பாரில் இரண்டாவது பைண்டுக்குப் பிறகு சொல்வார்கள்.

இன்னொன்று. வட்டார அணி கவுண்டியை வென்றாலும் மன்ஸ்டர் கிளப் போட்டிக்குப் போக முடியாது. கிளப் இல்லையே! 2022இல் கிழக்கு கெரி கவுண்டி சாம்பியன். மன்ஸ்டருக்குப் போனது டிரலீயின் கெரின்ஸ் ஓ'ராஹிலீஸ், மன்ஸ்டரையும் வென்றார்கள்.

---

மழைக்கோட்டு

வேண்டுமென்றே தொடாமல் விட்டேன், வெள்ளைக்கொடி. :) வட்டார அணி பற்றிப் பேச ஆரம்பித்தால் இழை பத்துப் பக்கம் போகும் என்று தெரியும்.

ஆனால் உங்கள் செயற்குழுக் கணக்கை நான் ஏற்கவில்லை. டெம்பிள்நோவைப் பாருங்கள். கென்மேர் விரிகுடா ஓரம் ஒரு சின்னப் பங்கு. பாட், மிக், டாம் என்று ஸ்பில்லேன் சகோதரர்கள் மூவரும் கெரிக்காக மொத்தம் பத்தொன்பது அகில அயர்லாந்து பதக்கம் வாங்கிய ஊர். அவ்வளவு பேர் இருந்த காலத்திலும் கிளப் கீழேதான் கிடந்தது. பிறகு 2016இல் அகில அயர்லாந்து ஜூனியர், 2019இல் கெரி இன்டர்மீடியட், அதன் பிறகு சீனியர். "ஏறினால் நஷ்டம்" என்று அவர்கள் யோசித்திருந்தால் கீழ்ப் படியிலேயே நின்றிருப்பார்கள். பதக்கம் வட்டார அணியோடு கிடைத்தாலும் அது பையனின் வீட்டு அலமாரிக்குப் போகும். கிளப் ஏறினால் பங்கே ஏறும். இரண்டும் ஒன்றாகாது.

---

வெள்ளைக்கொடி

ஒரு டெம்பிள்நோ. சரி. ஏறி உடனே இறங்கியவர்கள் பட்டியலை நான் போடவா?

---

மழைக்கோட்டு

போடுங்கள், போடுங்கள். அதில் ஆஸ்டின் ஸ்டாக்ஸையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கவுண்டி சாம்பியனே இறங்கும் இடத்தில் சின்ன கிளப் இறங்குவதில் என்ன வெட்கம்?

---

ஓரக்கோடு (மேற்கு லிமெரிக்)

என் மாமனார் நடுவர். ஜி.ஏ.ஏ.வில் (இந்த ஆட்டங்களை நடத்தும் கேலிக் விளையாட்டுச் சங்கம்) கோல் கம்பத்துக்கு இருபுறமும் வெள்ளை மேலங்கி போட்டு நிற்கும் நான்கு பேரை நடுவர்தான் கூட்டி வருவார். அண்ணன், தம்பி, மருமகன், பக்கத்து வீட்டுக்காரர். அப்படித்தான் நானும் மாட்டினேன். எனவே தரத்தைப் பற்றி எனக்கு வேறு இடத்திலிருந்து ஒரு பார்வை உண்டு.

ஜிம் கேவின் குழு கொண்டுவந்த புது விதிகள் 2025இல் கிளப் ஆட்டத்துக்கும் வந்தன. நாற்பது மீட்டர் வளைவுக்கு வெளியிலிருந்து அடித்தால் இரண்டு பாயிண்ட், அதற்கு ஆரஞ்சுக் கொடி. களத்தின் ஒவ்வொரு பாதியிலும் ஓர் அணியின் மூன்று பேராவது நிற்க வேண்டும். கோல்கீப்பரின் உதை வளைவைத் தாண்ட வேண்டும். ஃப்ரீ கிக் கிடைத்தவன் நிற்காமல் ஓடலாம். எதிரணிக்குப் பந்தைக் கொடுக்காமல் இழுத்தடித்தாலோ நடுவரிடம் வாய் கொடுத்தாலோ ஐம்பது மீட்டர் முன்னேற்றம்.

குரோக் பார்க்கில் இதைப் பார்ப்பது சுகம். ஆனால் ஊர் மைதானத்தில்? வளைவுக் கோட்டை வெள்ளிக்கிழமை மாலை யாரோ ஒருவர் வண்டியைத் தள்ளிக்கொண்டே கீறியிருப்பார், சனிக்கிழமை மழையில் அது கரைந்திருக்கும். பந்து கோட்டுக்கு உள்ளிருந்து அடிக்கப்பட்டதா வெளியிலிருந்தா என்று கம்பத்தடியில் நிற்கும் என்னைக் கேட்டால் நான் என்ன சொல்வது? மூன்று பேர் மறுபாதியில் நிற்கிறார்களா என்று நடுவர் எண்ணிக்கொண்டிருக்கும் நேரத்தில் முதுகுக்குப் பின்னால் ஒரு சட்டை கிழியும்.

இவ்வளவுக்கும் நடுவில், சீனியரை விட இன்டர்மீடியட்டுக்கு இந்த விதிகள் அதிகம் உதவியிருப்பதாக என் எண்ணம். பழைய முறையில் பயிற்சியாளருக்குத் திறமை குறைவென்றால் பதினான்கு பேரையும் கோலுக்கு முன்னால் அடுக்கிவிடுவார். 0-7, 0-6 என்று முடியும். அந்த மாதிரி ஆட்டத்துக்குக் கொடி பிடித்து நின்றால் கை விறைத்துவிடும், கொடியைத் தூக்க வேலையே இருக்காது. இப்போது அப்படி அடுக்க முடியாது. தூரத்திலிருந்து பந்தை உதைக்கத் தெரிந்த பையன் ஒருவன் இருந்தால் சின்ன கிளப்பும் ஆட்டத்தில் இருக்கிறது.

---

கார்க்காரன்

ஓரக்கோடு சொன்னதை ஒப்புக்கொள்கிறேன், அரை மனதோடு. இரண்டு பாயிண்ட் அடிக்கிற பையன் எல்லா ஊரிலும் பிறப்பதில்லை. அந்தப் பையன் இருக்கிற ஊர் இன்னும் உயரும், இல்லாத ஊர் இன்னும் தாழும். ஆள் வேண்டும் என்று மாயோ மேகம் சொன்ன இடத்துக்கே திரும்ப வருகிறோம்.

என் கேள்வி அப்படியே நிற்கிறது. அகில அயர்லாந்து இன்டர்மீடியட் என்று ஒரே பெயரில் போட்டி. கெரி அனுப்புவது ஒன்பதாம் கிளப், கார்க் அனுப்புவது இருபத்தைந்தாம் கிளப். குறைந்தபட்சம், சீனியரில் இத்தனை கிளப் இருந்தே ஆக வேண்டும் என்று ஜி.ஏ.ஏ. எல்லாக் கவுண்டிக்கும் ஒரு வரம்பு போடக் கூடாதா?

---

மாயோ மேகம்

போட்டால் கெரி தன் சீனியரைப் பன்னிரண்டாக்கும், அதற்கு ஈடாக வட்டார அணிகளைக் குறைக்க வேண்டிவரும். வெள்ளைக்கொடியின் ஊர்க்காரர்கள் டப்ளினுக்கு டிராக்டர் ஓட்டிக்கொண்டு வருவார்கள்.

---

வெள்ளைக்கொடி

டிராக்டரில் நானும் இருப்பேன். பன்னிரண்டாக்கினால் நடுத்தரமான நான்கு கிளப் மேலே போய் வருடா வருடம் உதை வாங்கும், கீழே இன்டர்மீடியட் வெறிச்சோடும். இப்போது எந்த ஞாயிற்றுக்கிழமையும் பதினாறில் பத்துப் பேராவது தங்களால் ஜெயிக்க முடியும் என்று நம்பிக்கொண்டு களத்துக்கு வருகிறார்கள். கிளிஃபர்ட் சகோதரர்களை வைத்துக்கொண்டே பாசா 2023இலும் 2024இலும் ஏற முடியவில்லை. நாட்டில் வேறெந்த இரண்டாம் படிப் போட்டியில் அப்படி நடக்கும்?

---

முதல்தடவை

எல்லோருக்கும் நன்றி. பாதிக்கு மேல் புரிந்தது. இப்போது பார்க்க வேண்டும் என்ற ஆசை வந்துவிட்டது. டப்ளினிலிருந்து டிரலீ வந்து பார்த்தால் ஆட்டம் எவ்வளவு நேரம்? வாசலில் டிக்கெட் கிடைக்குமா, முன்பே வாங்க வேண்டுமா?

---

மழைக்கோட்டு

கிளப் ஆட்டம் ஒரு மணி நேரம், பாதிக்கு முப்பது நிமிடம். கவுண்டி அணிகள் மோதும் சீனியர் ஆட்டத்துக்குத்தான் எழுபது. டிக்கெட்டை ஆன்லைனில் வாங்கிவிடுங்கள், வாசலில் நோட்டை நீட்டினால் பெரும்பாலும் கியூஆர் குறியைத்தான் காட்டுவார்கள். காலை ரயிலில் ஏறினால் மதிய ஆட்டத்துக்கு வந்துவிடலாம், எங்காவது மாற வேண்டியிருக்கலாம், பார்த்துக்கொள்ளுங்கள். ஆஸ்டின் ஸ்டாக் பார்க் ரயில் நிலையத்திலிருந்து நடக்கிற தூரம்தான். காலிறுதி வாரத்தில் வாருங்கள், குழு ஆட்டம் சில சமயம் சப்பென்று இருக்கும். எந்தப் பக்கம் நிற்கப் போகிறீர்கள் என்று மட்டும் முன்பே முடிவு செய்துகொள்ளுங்கள், "நான் பொது" என்று சொன்னால் இங்கே யாரும் நம்ப மாட்டார்கள்.

---

கார்க்காரன்

கெரிக்கு எதிரே யார் நிற்கிறார்களோ அந்தப் பக்கம் நில், தம்பி.